கேள்வி என்றொரு கருவி

உங்கள் கேள்வியின் சுருக்கம் இது. யாழ்ப்பாணத்து அரசர் காலத்தை ஒத்த ஒரு கற்பனை நாட்டில் மாயக் கதை ஒன்று எழுதுகிறீர்கள். அந்த நாட்டு மக்கள் இசைக்கருவிகளை வைத்துக் குறி கேட்பவர்கள். அதற்காக ஏழு சுரத்துக்கும் ஏழு பலன் எழுதி ஓர் அட்டவணை தயாரித்திருக்கிறீர்கள். அது போதுமா, அப்படி ஒரு மரபு இங்கே உண்மையில் இருந்ததா, குறி சொல்பவரை என்ன பெயரால் அழைக்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள்.

முதலில் அட்டவணையை எடுத்துவிடுங்கள். மற்றவற்றை ஆறுதலாகப் பேசலாம்.

நான் இணுவில் பக்கத்தில் பிறந்தவன். முப்பது வருடங்களுக்கு மேல் பிள்ளைகளுக்கு மிருதங்கம் சொல்லிக்கொடுத்தேன். தாய்மாமன் தவில்காரர். ஆகவே கருவியின் பக்கத்தில் நின்றுதான் எனக்குப் பேசத் தெரியும். அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தால் உங்கள் அட்டவணையின் குறை உடனே தெரிகிறது. சட்சமம் வந்தால் செல்வம், நிடாதம் வந்தால் சாவு என்று வைத்தால், எந்தச் சுரத்தை வாசிப்பது என்று முடிவு செய்பவர் யார்? வாசிக்கிறவர்தானே. தட்சிணை கூட வேண்டும் என்றால் அவர் சட்சமத்தை வாசித்துவிட்டுப் போவார். ஊர்ச் சனங்கள் அவ்வளவு பேதைகள் அல்லர். வாசிக்கிறவர் விரும்பிச் செய்வது கச்சேரி. அவரையும் மீறிக் கருவி செய்துவிடுவதுதான் குறி. உங்கள் மரபு முழுவதையும் இந்த ஒன்றின் மேல் கட்டுங்கள்.

நம்மிடம் உள்ள குறிகளை நினைத்துப் பாருங்கள். பல்லி எப்போது சொல்லும் என்று யாருக்கும் தெரியாது. பூக்கட்டிப் பார்க்கும்போது எடுப்பது ஒன்றும் அறியாத குழந்தை. சங்ககாலத்து வேலன் (முருகனின் பூசாரி) கழங்கை உருட்டினான். கட்டுவிச்சி முறத்தில் நெல்லைப் பரப்பி எண்ணினாள். எங்கும் மனிதக் கை ஓரிடத்தில் விட்டுவிடுகிறது. அந்த விட்ட இடத்தில்தான் தெய்வம் நுழைகிறது என்பது நம்பிக்கை.

இவற்றில் எனக்கு மிகவும் பிடித்தது விரிச்சி. முல்லைப்பாட்டில் அரசன் போருக்குப் போயிருக்கிறான். மழை பெய்த மாலை. வயது முதிர்ந்த பெண்கள் ஊருக்கு வெளியே போய், நாழியில் கொண்டு சென்ற நெல்லையும் முல்லைப் பூவையும் தூவிக் கைகூப்பி நிற்கிறார்கள். யாரிடமும் அவர்கள் எதுவும் கேட்கவில்லை. காதில் விழப்போகும் முதற் சொல்லுக்காகக் காத்திருக்கிறார்கள். பக்கத்தில் குளிரில் கைகளைக் கட்டிக்கொண்டு நிற்கும் ஓர் இடைப்பெண், தாயைத் தேடும் கன்றைப் பார்த்து, "இன்னே வருகுவர் தாயர்" என்கிறாள். அவள் சொன்னது பசுக்களைப் பற்றி. கேட்டவர்கள் எடுத்துக்கொண்டது அரசனைப் பற்றி. அந்தப் பெண்ணுக்குத் தான் குறி சொன்னதே தெரியாது. புலவர் அந்த இடத்தில் பூவை மொய்க்கும் வண்டுகளின் ஒலியை யாழிசை என்கிறார். உங்கள் கதைக்கு வேண்டிய விதை அந்த ஒரு காட்சியில் இருக்கிறது. அந்தப் பெண் நிற்கும் இடத்தில் ஒரு கருவியை வையுங்கள்.

இனி, இங்கே இருந்ததா என்ற கேள்வி. நீங்கள் நினைக்கும் வடிவில் ஒரு மரபு யாழ்ப்பாணத்தில் கிடையாது. ஆனால் அதைக் கட்டத் தேவையான மரமும் ஓலையும் வளவு நிறையக் கிடக்கின்றன. அம்மன் கோயில்களிலும் வைரவர் கோயில்களிலும் உடுக்கு அடித்து உரு (தெய்வ ஆவேசம்) வரவைப்பதும், உரு வந்தவரிடம் கட்டு (குறி) கேட்பதும் நம் ஊர்ப் பழக்கம். காத்தவராயன் கூத்தில் உடுக்கு இல்லாமல் சிந்து நடை நகராது. உடுக்கின் நடு இடுப்பில் உள்ள கயிற்றை அழுத்தினால் தோல் இறுகிச் சுருதி ஏறும், விட்டால் இறங்கும். அந்த ஏற்ற இறக்கம் ஒரு மனிதக் குரல் விம்முவது போல இருக்கும். ஆனால் கவனியுங்கள், இங்கே உடுக்கு குறி சொல்வதில்லை. அது தெய்வத்தைக் கூப்பிடுகிறது. சொல்வது மனித வாய். தமிழ்நாட்டுக் குடுகுடுப்பைக்காரரும் அப்படித்தான். கையில் கருவி இருக்கிறது, வாக்கு அவருடையது. கூப்பிடும் கருவி வேறு, பதில் சொல்லும் கருவி வேறு. இரண்டையும் குழப்பாமல் இருந்தாலே உங்கள் கதை பலருடைய கதைகளைவிட ஒரு படி மேலே நிற்கும்.

பதில் சொல்லும் கருவி உலகத்தில் இல்லையா என்றால், இருக்கிறது. வட ஸ்காண்டிநேவியாவில் சாமி என்றொரு இனம் (நம் சாமி அல்ல, இனத்தின் பெயரே அதுதான்). அவர்களுடைய பறையில் கலைமான் தோல் கட்டியிருக்கும். தோலின் மேல் சூரியன், மான், படகு, தெய்வங்கள் என்று மரப்பட்டைச் சாற்றால் சிவப்பாக வரைந்திருப்பார்கள். அதன்மேல் ஒரு சிறு வளையத்தை வைத்து, கொம்பால் செய்த சுத்தியலால் தோலைத் தட்டுவார்கள். அதிர்வில் வளையம் துள்ளித் துள்ளி ஓர் உருவத்தின் மேல் போய் நிற்கும். அது நின்ற இடம்தான் பதில். வேட்டைக்கு எந்தத் திசையில் போவது, நோய் தீருமா, எந்தத் தெய்வத்துக்குப் பலி கொடுப்பது எல்லாவற்றையும் இப்படிக் கேட்டார்கள். 17ஆம், 18ஆம் நூற்றாண்டுகளில் பாதிரிமாரும் அரச அதிகாரிகளும் அந்தப் பறைகளைத் தேடிப் பறித்தார்கள், எரித்தார்கள். ஆண்டர்ஸ் பால்சன் என்ற முதியவரிடமிருந்து 1691இல் பறித்த பறை டென்மார்க்கின் உடைமையாகி, 2022இல்தான் சாமி மக்களுக்கு உரிமையோடு திரும்பியது. ஒரு கருவியைக் கண்டு அரசாங்கம் பயந்தது என்பதைவிட அந்தக் கருவிக்கு வேறு சான்றிதழ் தேவையில்லை. உங்கள் நாட்டிலும் யாராவது ஒருவர் பயப்படட்டும்.

கிரேக்கத்தில் தொதோனா என்ற இடத்தில் கருவாலி மர இலைகளின் சலசலப்பையும் வெண்கலக் கொப்பரைகளின் ஓசையையும் கேட்டார்கள். அங்கே கையில் சவுக்கோடு ஒரு சிறுவன் சிலை நின்றதாம். காற்றடித்தால் சவுக்கின் சங்கிலிகள் கொப்பரையில் மோதி ஒலிக்கும். சீனர்கள் இன்னும் நுட்பமானவர்கள். சுருதிக் குழல்கள் பன்னிரண்டை மூடிய அறையில் மண்ணில் புதைத்து, வாயில் நாணலின் உட்சவ்வை எரித்த சாம்பலை நிரப்பி வைத்தார்கள். அந்தந்த மாதத்தின் மூச்சு பூமிக்குள்ளிருந்து எழும்போது அந்தந்தக் குழலின் சாம்பல் பறக்கும் என்பது எண்ணம். ஊதுவதற்கு ஆளே இல்லாத குழல்! இதைப் படித்த அன்று இரவு எனக்கு நித்திரை வரவில்லை.

இனிக் கட்டுவோம். இங்கிருந்து நான் சொல்வது முழுக்கக் கற்பனை. எங்கள் பாட்டன் காலத்தில் இது நடந்தது என்று யாரும் எடுத்துப்போய்விட வேண்டாம்.

தொடக்கக் கதைக்கு நீங்கள் வெளியே போக வேண்டியதில்லை. யாழ்பாடி என்ற பாணன் அரசனைப் பாடி, பரிசாக இந்த மணல் நிலத்தைப் பெற்றான், அதனால் ஊர் யாழ்ப்பாணம் ஆயிற்று என்பது யாழ்ப்பாண வைபவமாலையில் வரும் ஐதிகம். அவனுக்குக் கண் தெரியாது என்பதும் வழங்கி வரும் கதை. மணற்றி, மணற்றிடர் என்பவை இந்த நிலத்தின் பழைய பெயர்கள். யாழ், மணல், பார்வையில்லாத ஒருவன். மூன்றையும் ஒரே இடத்தில் வையுங்கள். அரசன் கொடுத்த நிலம் எப்படிப்பட்டது என்று பாணன் கேட்கிறான். சபையில் எவரும் வாய் திறக்கவில்லை. அவன் ஒரு கைப்பிடி மணலை வரவழைத்துத் துணைவியின் முழவுத் தோலில் தூவச் சொல்லி, யாழை மீட்டுகிறான். மணல் அசைகிறது. விரலால் தடவிப் பார்க்கிறான். நடுவில் வெறுமை, மணல் எல்லாம் விளிம்பில். "நடுவில் ஆறு இல்லை, சுற்றிவரக் கடல்" என்கிறான். குடாநாட்டின் படத்தை விரித்துப் பாருங்கள், பாணன் பொய் சொல்லவில்லை. மாரியில் மட்டும் ஓடும் வழுக்கையாற்றை விட்டால் நமக்கு ஆறு ஏது?

இதற்கு அடியில் உண்மையான இயற்பியல் இருக்கிறது. அதிரும் தட்டில் மணல் தூவினால் அதிராத கோடுகளில் மணல் போய் ஒதுங்கிக் கோலம் போடும் என்று கிளாட்னி என்ற ஜெர்மானியர் 1787இல் எழுதினார். நம் மிருதங்கத்தின் தோலில் மணல் தூவி அதே கோலங்களைப் பார்த்தவர் சி. வி. இராமன், அந்த ஆய்வு 1934இல் வெளிவந்தது. வலந்தலையின் நடுவே இருக்கும் கறுப்பு, கிட்டக்கல் பொடியையும் சோற்றையும் சேர்த்து அரைத்துப் படை படையாகப் பூசி, கல்லால் தேய்த்து ஏற்றியது. அந்தப் பாரம் நடுவில் இருப்பதால்தான் வெறும் தோலில் வராத சுருதி மிருதங்கத்தில் வருகிறது. பெயர் தெரியாத யாரோ ஒரு தோல் வேலைக்காரர் கண்டுபிடித்தது அது. இராமன் அதற்குக் கணக்குச் சொன்னார்.

சடங்கு இப்படி இருக்கட்டும். கேட்க வருபவர் தன் வளவு மணலை ஒரு கைப்பிடி அரித்துக் கொண்டுவருகிறார். தரையில் முழவு. தோலில் மணல். மூன்று முழம் தள்ளி யாழ். யாழ்க்காரர் கண்ணைக் கட்டியிருக்கிறார். அவர் பாட்டு எதுவும் வாசிப்பதில்லை. இதுதான் முக்கியம். தளர்த்திவிட்ட ஒரு நரம்பை மீட்டிக்கொண்டே மெல்ல மெல்ல முறுக்கி ஏற்றுகிறார். சுருதி ஏறுகிறது. மணல் சும்மா கிடக்கிறது. இன்னும் ஏறுகிறது. நரம்பின் சுருதியும் தோலின் சுருதியும் ஒன்றாகும் அந்தக் கணத்தில் மணல் விழித்துக்கொண்டு துள்ளும். அது எந்தக் கணம் என்று யாருக்கும் தெரியாது, ஏனென்றால் தோலின் சுருதி ஒவ்வொரு நாளும் வேறு. மணல் துள்ளுவதற்கு முன் நரம்பு அறுந்துவிட்டால் கேள்வி தள்ளப்பட்டது என்று பொருள். அந்த வீட்டார் ஒரு வருடத்துக்கு மீண்டும் கேட்க முடியாது. சபையில் இருப்பவர்கள் மூச்சை அடக்கிக்கொண்டு நரம்பைப் பார்ப்பார்களா, மணலைப் பார்ப்பார்களா என்பதை நீங்களே எழுதுங்கள்.

உண்மையைச் சொன்னால், யாழின் ஓசைக்கு அவ்வளவு பலம் போதாது. பக்கத்தில் நாதசுரத்தை ஊதினால் மணல் அசையக்கூடும். கதையில் அந்தப் பற்றாக்குறைதான் மாயத்துக்கான இடம். அந்த ஒரு சின்ன இடத்தை மட்டும் மாயத்துக்குக் கொடுங்கள். மற்ற எல்லாம் தோலும் நரம்பும் எப்படி நடக்குமோ அப்படியே நடக்கட்டும்.

கோலத்தை வாசிப்பவர் இரண்டாவது ஆள். பாணனின் நினைவாக அவரும் கண்ணால் பார்க்கக்கூடாது, விரல் நுனியால் தடவித்தான் சொல்ல வேண்டும். தடவும்போதே கோலம் அழிந்துவிடும். ஆகவே எந்தக் குறியையும் இரண்டாம் முறை சரிபார்க்க முடியாது. மீட்டுபவரும் தடவுபவரும் ஒரே குடும்பத்தவராக இருக்கக்கூடாது என்று ஒரு விதி வையுங்கள். பிறகு கதையின் நடுவில் அவர்கள் இருவரையும் காதலிக்க வையுங்கள்; ஊர் என்ன செய்கிறது பார்ப்போம்.

ஏமாற்று வேலைக்கும் வழி விடுங்கள். ஏமாற்ற முடியாத மரபை யாரும் நம்ப மாட்டார்கள். தோல் ஈரத்தைக் குடித்தால் தளரும், சூட்டில் இறுகும். பறைமேளக்காரர் நெருப்பில் காய்ச்சி ஏற்றுவதைப் பார்த்திருப்பீர்கள். மாரிகாலத்தில் என் வகுப்பில் பாதி நேரம் சுருதி சேர்ப்பதிலேயே போய்விடும். கார்த்திகையில் வார் இழுத்து, புள்ளைத் தட்டி, களைத்துப்போய்ப் பிள்ளைகளைக் கொன்னக்கோல் (வாயால் சொல்லும் தாளச் சொற்கட்டு) மட்டும் சொல்லச் சொல்லிவிடுவேன். ஆகவே குறி கேட்பதற்கு முன்னிரவு முழவு யாருடைய வீட்டில் தங்குகிறது என்பது பெரிய விடயம். அடுப்படியில் வைத்தால் ஒரு பதில், கிணற்றடியில் வைத்தால் வேறொரு பதில். மழை வரப்போவதைத் தோல் முன்கூட்டியே சொல்லிவிடும் என்பது மட்டும் உண்மையிலேயே சரியாக வரும் குறி. அந்த ஒன்று சரியாக வருவதால்தான் மற்றப் பத்தையும் சனங்கள் நம்புகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

வீட்டுப் பெண்களுக்கு ஒரு சின்னக் குறி வேண்டுமானால் வீணையிடம் போங்கள். பஞ்சமத் தந்தியின் மேல் ஒரு துண்டுத் தாளை நடுவில் மடித்துக் கூரை போலக் கவிழ்த்து வையுங்கள். பக்கத்து மந்தரத் தந்தியை ஏழாம் மெட்டில் அழுத்தி மீட்டுங்கள். சுருதி சரியாகச் சேர்ந்திருந்தால் யாரும் தொடாத பஞ்சமத் தந்தி தானாக அதிர்ந்து தாள் கீழே விழும். புதிதாக வந்த மாணவிகளுக்கு வீணை ஆசிரியை ஒருவர் இதைச் செய்துகாட்டுவதைப் பல தடவை நின்று பார்த்திருக்கிறேன். பன்னிரண்டு வயதுப் பிள்ளை ஒருத்தி விழுந்த தாளைப் பொறுக்கிக்கொண்டு, "டீச்சர், அது யாரைக் கேட்டு ஆடியது?" என்றாள். எனக்குப் பதில் தெரியும், ஆனாலும் உடம்பு ஒருமுறை சிலிர்த்தது. கதையில் இருக்கும் மாமியார் மயிரிழை அளவு ஒரு தந்தியை இறக்கி வைத்து, வரப்போகும் மருமகளின் தாள் விழாமல் செய்துவிடலாம். தந்தி இறங்கியிருப்பதைக் கேட்டுப் பிடிக்கக்கூடியவள் அந்த மருமகளாகவே இருக்கட்டும்.

கடற்கரை ஆட்களுக்கு விண். தென்னிந்திய வாசகர்களுக்காகச் சொல்கிறேன்: நம் பட்டங்களின் மேல், வளைத்த சிலாகையில் தட்டையான நாரை இழுத்துக் கட்டிய வில் ஒன்று பூட்டுவோம். அதன் பெயர் விண். காற்றில் ஏறியதும் அது கூவத் தொடங்கும். வல்வெட்டித்துறையில் தைப்பொங்கலுக்கு ஏற்றும் பட்டங்களைப் பார்க்க எங்கிருந்தெல்லாமோ சனம் வரும். ஆனால் விண்ணைக் கேட்க வேண்டியது இரவில். பட்டத்தை மரத்தில் கட்டிவிட்டுப் படுத்தால் விடியும்வரை வானத்தில் ஒரே கூவல். காது அதற்குப் பழகிவிடும். காற்று விழுந்து, விண் நின்றுபோனால்தான் திடுக்கிட்டு விழிப்பு வரும். வாடைக் காற்றில் ஒரு குரல், சோளகத்தில் ஒரு குரல். கடலுக்குப் போகும் ஆள் படகை இறக்குவதற்கு முன் இதைக் கேட்டு முடிவெடுக்கிறார் என்று எழுதினால் அதை நம்ப எனக்கு மாயம்கூடத் தேவையில்லை.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்ல வேண்டியிருக்கிறது. தோலை உரித்து, பதப்படுத்தி, கட்டுபவர் யார்? அடிப்பவர் யார்? கேட்டுப் பயனடைபவர் யார்? உண்மையான யாழ்ப்பாணத்தில் இந்தக் கேள்விக்கு இனிப்பான பதில் கிடையாது. பெரிய மேளம் (நாதசுரமும் தவிலும்) கோயில் வீதியில் முன்னால் போயிற்று. அளவெட்டியும் இணுவிலும் அதனால் பெயர் பெற்றன. யாழ்ப்பாணம் தெட்சணாமூர்த்தியின் தவிலைத் தமிழ்நாட்டு வித்துவான்களும் தலைவணங்கிக் கேட்டார்கள். பறைமேளமோ சாவு வீட்டு வாசலில் நின்றது. அதை அடித்தவர்கள் கோயிலுக்குள் போக முடியாமல் இருந்தார்கள். மாவிட்டபுரத்தில் ஆலயப் பிரவேசப் போராட்டம் நடந்தது 1968இல்தான். அது பழங்கதை அல்ல. இரண்டும் தோல், இரண்டும் தாளம். உங்கள் நாட்டில் தெய்வத்தின் பதில் தோல் வழியாகத்தான் வரும் என்றால், தோலைத் தொடுபவர் இல்லாமல் அரசனும் அசைய முடியாது. அவரை வாசலுக்கு வெளியே நிறுத்தி வைத்துக்கொண்டே அவருடைய கைக்காகக் காத்திருக்கும் ஒரு நாட்டை எழுதுங்கள். அதைப் பூசி மெழுகி எல்லாரும் இசையால் ஒன்றானார்கள் என்று எழுதினால் நான் வாங்கிப் படிக்க மாட்டேன்.

அடுத்தது பிழைப்பு. குறி தவறும்போது என்ன சொல்வார்கள்? சாத்திரியாரிடம் கேட்டுப் பாருங்கள், பிறந்த நேரம் பிசகு என்பார். உங்கள் ஆட்களுக்கும் அப்படி ஒரு சொற்றொடர் வேண்டும். "மணல் வேற்று வளவு மணல்" என்று வைக்கலாம். கேட்டவரே பிழை செய்தார் என்று அழகாகத் திருப்பிவிடலாம். கூலி காசாக இருக்க வேண்டாம், ஒரு கொத்து அரிசியும் வெற்றிலையும் போதும்.

பெயருக்கு வருகிறேன். குறிசொல்லி, கட்டுவிச்சி எல்லாம் ஏற்கெனவே ஆள் உள்ள வீடுகள். பெரும்பாணாற்றுப்படையில் "தொடையமை கேள்வி" என்று வரும் இடத்தில் கேள்வி என்றால் யாழ். கேட்பது, வினாவுவது, யாழ், மூன்றுக்கும் தமிழில் ஒரே சொல் இருந்திருக்கிறது. இதைவிட உங்களுக்கு வேறென்ன வேண்டும்? மரபின் பெயர் கேள்வி. சாத்திரியார், பரியாரியார் (நாட்டு வைத்தியர்) என்று சொல்வது போல அந்த ஆள் கேள்வியார். யாழ் என்ற கருவி வழக்கொழிந்து போனபின் அது எப்படி இருந்திருக்கும் என்று வருடக்கணக்காகத் தேடி விபுலாநந்த அடிகள் எழுதிய யாழ் நூல் 1947இல் வெளிவந்தது. அவர் மட்டக்களப்புப் பக்கத்துக் காரைதீவில் பிறந்தவர். பெயரில் யாழை வைத்திருக்கும் ஊரார் நாங்கள் யாழைக் கண்ணால் கண்டதில்லை.

கேள்வியாருக்கு ஒரு விதி கட்டாயம் வையுங்கள்: சில கேள்விகளுக்கு அவர் கருவியைத் தொடக்கூடாது. எவை என்று நீங்கள் தீர்மானியுங்கள். ஏன் இதை வற்புறுத்துகிறேன் என்பதற்கு ஒரு காரணம் உண்டு.

1995 ஒக்டோபர் கடைசியில், போர் நெருங்கியதால் குடாநாட்டின் வலிகாமப் பகுதி முழுவதும் ஒரே இரவில் கிழக்கே தென்மராட்சிக்கு நடந்தபோது, மாமா சைக்கிளின் பின்னால் ஓர் உரப்பைக்குள் தவிலைச் சுற்றிக் கட்டியிருந்தார். வார் கட்டிய பழைய தவில். மாரி தொடங்கியிருந்தது. நாவற்குழிப் பாலம் கடந்து, சாவகச்சேரிப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூட விறாந்தையில் இடம் பிடித்தபோது பை நனைந்து ஊறிப்போயிருந்தது. மாமா தவிலை வெளியே எடுத்து, தோளிலிருந்த துவாயால் ஒற்றினார். பக்கத்தில் ஒரு கிழவி, எங்கள் ஊர்க்காரர் அல்ல, அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். கொஞ்ச நேரத்தில், "தம்பி, அதைத் தட்டிப் பாருங்கள். நாங்கள் வீட்டுக்குத் திரும்பிப் போவோமா என்று சொல்லும்" என்றார்.

மாமாவுக்கு அப்படியெல்லாம் எதுவும் தெரியாது. ஆனால் அந்த முகத்துக்கு மறுப்புச் சொல்ல முடியவில்லை. வலந்தலையில் விரலால் ஒரு தட்டுத் தட்டினார். நனைந்த தோலில் நாதம் எங்கே வரும்? சாக்கைத் தட்டியது போல ஒரு சத்தம். "தோல் நனைந்திருக்கிறது ஆச்சி, மாரி முடிந்து காயட்டும்" என்றார். அவர் சொன்னது தவிலைப் பற்றி.

மாரி முடிந்தது. 1996 சித்திரையில் சனம் வலிகாமத்துக்குத் திரும்பத் தொடங்கியது. அந்த ஆச்சி போகிற வழியெல்லாம், இணுவில் தவில்காரர் மாரி முடியப் போவோம் என்று அன்றைக்கே சொன்னார் என்று சொல்லிக்கொண்டு போயிருக்கிறார். வைகாசியில் எங்கள் வீட்டுப் படலையில் முன்பின் தெரியாதவர்கள் வந்து நிற்கத் தொடங்கினார்கள். மாமா முதலில் சிரித்தார். பிறகு வேலிப் பக்கம் சத்தம் கேட்டால் உள்ளே போய்விடுவார்.

ஆவணியில் ஒரு நாள் ஆச்சியே வந்தார். எப்படி விசாரித்துப் பிடித்தாரோ தெரியாது. ஓலைப் பெட்டியில் ஒரு கொத்து அரிசி, அதன்மேல் வெற்றிலை. அவருடைய மகன் சைக்கிளில் சந்திக்குப் போனவர், மூன்று கிழமையாக வீடு திரும்பவில்லை. பெட்டியை விறாந்தையில் வைத்துவிட்டு, "தம்பி, இப்போது தோல் காய்ந்திருக்கும்" என்றார்.

மாமா வெகுநேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, தவில் கிழிந்துபோய்விட்டது ஆச்சி என்றார். ஆச்சி பெட்டியைத் திரும்ப எடுக்கவில்லை. அவர் ஒழுங்கையால் திரும்பும்வரை மாமா படலையில் நின்றார்.

அன்று பின்னேரம் அறைக்குள் போய் உரப்பையை அவிழ்த்துப் பார்த்தேன். இரண்டு பக்கத் தோலும் நன்றாகத்தான் இருந்தன.